கோர்ட்டில் கேஸ் தள்ளுபடி ஆனால் பங்கும் போய்விடுமா?

தென் மாவட்டம் ஒன்றிலிருந்து 54 வயது வாசகி ஒருவர் நீண்ட கடிதம் எழுதியிருக்கிறார். பெயரும் ஊரும் இல்லாமல் அதன் சாரம் இது.

அப்பா 2011-இல் உயில் எழுதாமல் இறந்துவிட்டார். அம்மா அதற்கு முன்பே காலமாகிவிட்டார். ஊரில் ஒரு வீடும் மூன்று ஏக்கர் நஞ்சையும் இருக்கின்றன. இரண்டு அண்ணன்களும் பங்கு தர மறுத்ததால், மூன்றில் ஒரு பாகம் கேட்டு 2018-இல் சார்பு நீதிமன்றத்தில் பாகப்பிரிவினை வழக்குப் போட்டார். சொத்தை விற்கக் கூடாது என்று இடைக்காலத் தடையும் கிடைத்தது. இவருடைய நிரூபண வாக்குமூலம் (சாட்சியத்தை எழுத்தில் தரும் பிரமாணப் பத்திரம்) தாக்கலாகி, குறுக்கு விசாரணைக்குக் கூண்டேற வேண்டிய கட்டம். அப்போது, 2024 தொடக்கத்தில், கணவருக்குச் சிறுநீரகம் செயலிழந்து கோவையில் டயாலிசிஸ் ஆரம்பித்தது.

"வக்கீல் சார்கிட்ட போன்ல சொன்னேன். 'நீங்க வீட்டுக்காரரைப் பாருங்கம்மா, நான் வாய்தா வாங்கிக்கறேன்'னார். அப்புறம் அவர் போனை எடுக்கவே இல்லை. குமாஸ்தா மட்டும், 'வாய்தா போட்டிருக்கு, வர வேண்டாம்'னு சொல்லிக்கிட்டே இருந்தார்" என்கிறார்.

2025 ஆகஸ்டில் பெரிய அண்ணன் ஆள் கூட்டிவந்து நிலத்தை அளந்திருக்கிறார். கேட்டதற்கு, "கோர்ட்டே உனக்குப் பங்கு இல்லைன்னு சொல்லியாச்சு" என்றாராம். பதறிப்போய் நெட் சென்டரில் பார்த்தால், வாதி ஆஜராகாததால் வழக்கு 2024 ஜூனிலேயே தள்ளுபடி ஆகியிருக்கிறது. பங்கு போய்விட்டதா? இப்போதுதானே தெரியவந்தது, 30 நாள் அவகாசம் இப்போதிலிருந்துதானே? வக்கீல் மேல் நுகர்வோர் கோர்ட்டுக்குப் போகலாமா? இவை அவருடைய கேள்விகள். நீதிமன்ற வளாகத்தில் ஒருவர், "மஞ்சள் காமாலைன்னு சர்டிபிகேட் வாங்கிப் போட்டுட்டா முடிஞ்சுது" என்று சொன்னதாகவும் எழுதியிருக்கிறார்.

அன்புள்ள சகோதரிக்கு,

கணவரைக் காப்பாற்ற ஓடிக்கொண்டிருந்த நேரத்தில் வழக்கு கைநழுவியிருக்கிறது. அதற்காக உங்களை நீங்களே திட்டிக்கொண்டு பக்கம் பக்கமாக எழுதியிருக்கிறீர்கள். அது வேண்டாம். வழக்கை மீட்க வழி இருக்கிறது. ஆனால் இனி ஒவ்வொரு வாரமும் முக்கியம். ஆகவே நல்ல செய்தியையும் கசப்பான செய்தியையும் சேர்த்தே சொல்கிறேன்.

பங்கு இல்லை என்று எந்த நீதிமன்றமும் சொல்லவில்லை

அண்ணன் சொன்னது தவறு. வாதி வராததால் வழக்கைத் தள்ளுபடி செய்யும்போது, நீதிபதி உங்கள் பத்திரங்களைப் படித்து உரிமை உண்டா இல்லையா என்று முடிவு செய்வதில்லை. கூப்பிட்டபோது நடத்த ஆள் இல்லை, அதனால் முடித்துவைக்கிறேன் என்பது மட்டுமே அந்த உத்தரவு. இரு தரப்பையும் கேட்டு முடிவு செய்த வழக்குக்குத்தான் 'முன்தீர்ப்புத் தடை', அதாவது அதே பிரச்சினையை மறுபடி வழக்காடக் கூடாது என்ற தடை வரும். உங்கள் வழக்கில் அது நடக்கவில்லை. அப்பா உயில் எழுதாமல் இறந்திருந்தால், இந்து வாரிசுரிமைச் சட்டப்படி மகளும் மகன்களும் சமமான வாரிசுகள். அந்த உரிமை 2024 ஜூனுக்கு முன்பு எப்படி இருந்ததோ அப்படியே இன்றும் இருக்கிறது.

ஆனால் நீங்கள் இழந்தது ஒன்று உண்டு. வழக்கு போனதும் அதனுடன் இருந்த இடைக்காலத் தடையும் போய்விட்டது. அண்ணன் துணிச்சலாக நிலத்தை அளக்க வந்ததற்குக் காரணம் அதுதான்.

முதலில் உத்தரவின் வாசகத்தைப் பாருங்கள்

நெட் சென்டரில் பார்த்த ஒற்றை வரியை நம்பி எதுவும் செய்யாதீர்கள். நகல் மனு போட்டு உத்தரவின் சான்றிட்ட நகலை வாங்குங்கள். அதில் மூன்று விஷயங்களைக் கவனிக்க வேண்டும்.

அன்று பிரதிவாதிகள் தரப்பில் யாராவது ஆஜராகியிருந்தார்களா? இரு தரப்பும் வராமல் தள்ளுபடி ஆகியிருந்தால், உரிமையியல் நடைமுறைச் சட்டம் 9-ஆம் கட்டளையின் 4-ஆம் விதி பொருந்தும். வழக்கை மீட்கவும் கேட்கலாம், காலவரம்புக்குள் புதிதாகவும் போடலாம். பிரதிவாதி இருந்து நீங்கள் மட்டும் வரவில்லை என்றால் 8, 9-ஆம் விதிகள் வரும். அப்போது மீட்க மனுப் போடலாம். ஆனால் அதே வழக்கு மூலத்தை (வழக்குக்குக் காரணமான விஷயத்தை) வைத்துப் புது வழக்குப் போட பொதுவாகத் தடை உண்டு. பாகப்பிரிவினைக்கு இதில் ஒரு விலக்கு இருக்கிறது, பின்னால் சொல்கிறேன்.

இரண்டாவது, விசாரணை தொடங்கிய பிறகு தள்ளுபடி ஆகியிருப்பதால், நீதிபதி 17-ஆம் கட்டளைப்படி சாட்சியத்தை ஆராய்ந்து தகுதியின் அடிப்படையிலேயே தீர்ப்பு எழுதியிருக்கிறாரா என்று பாருங்கள். அப்படியானால் மீட்பு மனு செல்லாது, மேல்முறையீடுதான் வழி. நீங்கள் எழுதியிருப்பதை வைத்துப் பார்த்தால் அப்படித் தெரியவில்லை, ஆனாலும் உறுதிசெய்தே ஆக வேண்டும்.

மூன்றாவது, உங்கள் வக்கீல் அன்று "கட்சிக்காரரிடமிருந்து தகவல் இல்லை" என்று சொல்லி விலகினாரா? உங்களுக்கு அறிவிப்பு அனுப்பாமல் அப்படி விலகியிருந்தால் அது உங்களுக்குப் பெரிய பலம். வக்கீல் அப்படி ஒதுங்கிக்கொண்டதால், ஒரு தரப்பு இல்லாமலே வந்த ஒருதலைப்பட்சத் தீர்ப்பை உச்ச நீதிமன்றம் 1998-இல் ரத்து செய்திருக்கிறது.

30 நாள் எப்போதிலிருந்து?

இங்கே நீங்கள் நினைத்திருப்பது சரியில்லை. ஒருதலைப்பட்சத் தீர்ப்புக்கு ஆளான பிரதிவாதிக்கு, அழைப்பாணை சரியாகச் சேரவில்லை என்றால், தெரியவந்த நாளிலிருந்து கணக்கு. நீங்கள் வாதி. வழக்கைப் போட்டவரே நீங்கள் என்பதால், 1963 காலவரம்புச் சட்டத்தின் 122-ஆம் உறுப்புப்படி தள்ளுபடி ஆன நாளிலிருந்தே 30 நாள். அது 2024 ஜூலையில் முடிந்துவிட்டது. இப்போது உங்கள் தாமதம் ஏறக்குறைய 400 நாள். கொரோனா காலத்தைக் கழிக்கலாம் என்று யாராவது சொன்னால் நம்ப வேண்டாம். உச்ச நீதிமன்றம் கழித்துக்கொள்ளச் சொன்னது 2020 மார்ச் 15 முதல் 2022 பிப்ரவரி 28 வரையிலான நாட்களை மட்டும்.

ஆகவே உங்களுக்கு இரண்டு மனுக்கள் தேவை. காலவரம்புச் சட்டம் 5-ஆம் பிரிவில் தாமதத்தை மன்னிக்கக் கோரும் மனு ஒன்று. வழக்கை மீண்டும் கோப்பில் எடுக்கக் கோரும் மனு மற்றொன்று. தாமத மனுவுக்குத்தான் முதலில் எண் கொடுத்து விசாரணைக்கு எடுப்பார்கள். அண்ணன்களுக்கு அறிவிப்புப் போகும், அவர்கள் எதிருரை போடுவார்கள். தேவைப்பட்டால் உங்களையே அந்த மனுவில் விசாரிப்பார்கள். அது அனுமதிக்கப்பட்ட பிறகுதான் மீட்பு மனு விசாரணைக்கு வரும்.

400 நாள் என்றதும் மனம் தளர வேண்டாம். 1998-இல் தமிழ்நாட்டிலிருந்து உச்ச நீதிமன்றம் போன ஒரு வழக்கில் தாமதம் 883 நாள். அங்கேயும் வக்கீல் சரியாகக் கவனிக்காமல் மனு தள்ளுபடி ஆகி, கட்சிக்காரருக்குத் தெரியாமலே கிடந்தது. எத்தனை நாள் தாமதம் என்பது முக்கியமில்லை, சொல்லும் காரணம் ஏற்கத்தக்கதா என்பதே கேள்வி என்று சொல்லி உச்ச நீதிமன்றம் அதை மன்னித்தது. அதே சமயம் 2024 நவம்பரில் இன்னொரு வழக்கில், பழியை எல்லாம் வக்கீல் தலையில் போட்டுவிட்டு ஒதுங்க முடியாது, கட்சிக்காரரும் விழிப்பாக இருக்க வேண்டும் என்றும் சொல்லியிருக்கிறது. அண்ணன்களின் வக்கீல் இதைத்தான் படித்துக்காட்டுவார். முதல் தீர்ப்பு உங்களுக்குப் பலன் தருமா, இரண்டாவது உங்களுக்கு எதிராகத் திரும்புமா என்பது உங்கள் பிரமாணப் பத்திரத்தைப் பொறுத்தது.

மஞ்சள் காமாலை வேண்டவே வேண்டாம்

இதை அழுத்திச் சொல்கிறேன். "மனுதாரர் மஞ்சள் காமாலையால் பாதிக்கப்பட்டு, நாட்டு வைத்தியம் எடுத்துக்கொண்டு, படுத்த படுக்கையாக இருந்தார்" என்ற வாக்கியத்தை நம் ஊர் நீதிபதிகள் எத்தனையோ பிரமாணப் பத்திரங்களில் படித்திருக்கிறார்கள். அதைப் பார்த்ததும் நம்பிக்கை போய்விடுகிறது. சான்றிதழ் கொடுத்த மருத்துவரைக் கூண்டேற்றச் சொல்லி எதிர்த்தரப்பு கேட்டால் என்ன செய்வீர்கள்? பொய்யென்று தெரிந்தால் மனு தோற்பதுடன் நிற்காது. நீதிமன்ற நடவடிக்கையில் பொய்ச் சாட்சியம் அளிப்பது, இப்போதைய தண்டனைச் சட்டமான பாரதிய நியாய சன்ஹிதாவின் 229-ஆம் பிரிவில் ஏழு ஆண்டு வரை தண்டனைக்குரிய குற்றம்.

இதையெல்லாம் விட எனக்கு வருத்தமாக இருப்பது வேறு. உங்களிடம் உண்மையான காரணம் இருக்கிறது. கணவருக்கு டயாலிசிஸ் நடக்கிறது. அதை மறைத்துவிட்டு இல்லாத நோயை ஏன் எழுத வேண்டும்? மருத்துவமனையின் டயாலிசிஸ் பதிவேட்டு நகல், அனுமதிச் சீட்டுகள், ரசீதுகள், மருந்துச் சீட்டுகள் எல்லாவற்றையும் தேதி வாரியாக அடுக்குங்கள்.

அதோடு ஒரு கடினமான கேள்விக்கும் தயாராக வேண்டும். "வாரத்தில் இரண்டு நாள்தானே டயாலிசிஸ்? 14 மாதத்தில் ஒரு நாள்கூட வழக்கு என்ன ஆச்சென்று பார்க்க நேரமில்லையா?" குறுக்கு விசாரணையில் இது கட்டாயம் வரும். நேர்மையான பதில் உங்கள் கடிதத்திலேயே இருக்கிறது. நீங்கள் விசாரித்தீர்கள், குமாஸ்தா வாய்தா என்றார், நம்பினீர்கள். அதைக் காட்ட, வக்கீலின் எண்ணுக்கும் குமாஸ்தாவின் எண்ணுக்கும் போன அழைப்புகளின் விவரம், வாட்ஸ்அப் செய்திகள், ஜிபேயில் பணம் அனுப்பியிருந்தால் அந்தப் பதிவு எல்லாம் வேண்டும். செல்போன் நிறுவனங்கள் பழைய அழைப்பு விவரத்தைக் காலகாலத்துக்கும் வைத்திருக்காது, அதனால் இன்றே கேளுங்கள். போனை மாற்றவோ செய்திகளை அழிக்கவோ வேண்டாம்.

காலத்தை மூன்று பகுதியாகப் பிரித்து எழுதச் சொல்லுங்கள். தள்ளுபடிக்கு முன், 2024 ஜனவரி முதல் ஜூன் வரை ஏன் ஆஜராகவில்லை. ஜூன் முதல் 2025 ஆகஸ்ட் வரை ஏன் தெரியவில்லை. தெரிந்த நாள் முதல் மனுப் போடும் நாள் வரை என்ன செய்தீர்கள். ஒவ்வொரு நாளுக்கும் நாட்குறிப்புப் போல விளக்கம் கேட்டுக் கறார் காட்டக் கூடாது என்று உச்ச நீதிமன்றம் 1987-இலேயே சொல்லிவிட்டது. ஆனால் இடையில் பெரிய ஓட்டை இருக்கக் கூடாது. நான் பார்த்த வரையில் மனுக்கள் அதிகம் அடிபடுவது மூன்றாவது பகுதியில்தான். தெரிந்த பிறகும் இரண்டு மாதம் யோசித்துக்கொண்டிருந்தால், முந்தைய காரணம் எவ்வளவு நல்லதாக இருந்தாலும் எடுபடாது. சான்றிட்ட நகல் வர நாளாகும் என்றால் காத்திருக்காதீர்கள், மனுவைத் தயார் செய்துகொண்டே இருங்கள்.

கணவரின் சிகிச்சை தொடர்கிறது என்பதால், இனி எப்படி வழக்கை நடத்துவீர்கள் என்ற கேள்வியும் நீதிபதி மனதில் இருக்கும். கோவையிலிருந்து காணொளி மூலம் சாட்சியம் அளிக்கவோ, நீதிமன்றம் நியமிக்கும் வழக்கறிஞர் ஆணையர் முன் சாட்சியம் பதியவோ அனுமதி கேட்கத் தயார் என்று பிரமாணப் பத்திரத்திலேயே சொல்லுங்கள். மகளைப் பவர் ஏஜென்டாகப் போட்டால் வாய்தாக்களுக்கு அவர் போய்வரலாம். ஆனால் உங்களுக்கு மட்டுமே நேரில் தெரிந்த விஷயங்களுக்கு அவர் உங்களுக்குப் பதிலாகச் சாட்சி சொல்ல முடியாது.

பேசாமல் புது வழக்கே போட்டுவிட்டால்?

பாகப்பிரிவினையில் இது முடியும். சொத்து பங்கு பிரியாமல் கூட்டாக இருக்கும் வரை பங்கு கேட்கும் உரிமை தொடர்ந்துகொண்டே இருக்கும் என்பதால், 9-ஆம் விதியின் தடை பாகப்பிரிவினையைத் தடுக்காது என்று நீதிமன்றங்கள் சொல்லியிருக்கின்றன. இருந்தாலும் என் யோசனை, முதலில் மீட்பு மனு. அது எல்லா மட்டத்திலும் தோற்றால்தான் புது வழக்கு.

காரணங்கள் உண்டு. பழைய வழக்கு மீண்டால் 2018-ஆம் தேதியும், தாக்கலான வாக்குமூலமும், கட்டிய கட்டணமும் நிற்கும். புதிதாகப் போட்டால் கட்டணம் மறுபடியும். நீங்கள் சொத்தின் அனுபவத்திலிருந்து (கைவசத்திலிருந்து) வெளியேற்றப்பட்டவர் என்று கருதப்பட்டால், உங்கள் பங்கின் சந்தை மதிப்பில் 3 சதவீதம் கட்ட வேண்டிவரும். அடுத்து, உங்களுக்குப் பங்கே இல்லை என்று அண்ணன்கள் எதிர்வழக்குரையில் (வழக்குக்கு அவர்கள் தந்த எழுத்துப் பதிலில்) மறுத்திருந்தால், அந்த நாளிலிருந்து 12 ஆண்டு எதிரிடை அனுபவம், அதாவது உங்கள் உரிமையை மறுத்துத் தாங்களே வைத்திருந்ததால் சொத்து தங்களுடையதாகிவிட்டது என்று ஒரு வாதத்தை எழுப்பப் பார்ப்பார்கள். கூட்டுப் பங்காளிகளுக்குள் அதை நிரூபிப்பது லேசில்லை. ஆனாலும் அந்த வாதத்துக்கு இடம் கொடுக்காமல் இருப்பதே நல்லது.

தாமத மனு தள்ளுபடியானால் உயர் நீதிமன்ற மதுரைக் கிளையில் சீராய்வு மனு போடலாம். தாமதம் மன்னிக்கப்பட்டு மீட்பு மனு மட்டும் மறுக்கப்பட்டால், அதற்கு மேல்முறையீடு உண்டு.

அதற்குள் விற்றுவிட்டால்?

அண்ணன்கள் தங்கள் பங்கைத்தான் விற்க முடியும், உங்கள் பங்கை விற்க அவர்களுக்கு அதிகாரம் இல்லை. ஆனால் மூன்றாவது ஆள் உள்ளே வந்துவிட்டால் வழக்கு நீளும். வழக்கு நிலுவையில் இருக்கும்போது வாங்கியவரைத் தீர்ப்பு கட்டுப்படுத்தும் என்று சொத்துரிமை மாற்றுச் சட்டத்தின் 52-ஆம் பிரிவு சொல்கிறது. தள்ளுபடிக்கும் மீட்புக்கும் இடைப்பட்ட காலத்தில் வாங்கியவர், "அப்போது வழக்கே இல்லையே" என்று சண்டைக்கு வருவார்.

அதனால் இந்த வாரமே இரண்டு அண்ணன்களுக்கும், தெரிந்தால் வாங்க வருபவருக்கும் வக்கீல் நோட்டீஸ் அனுப்புங்கள். சார்பதிவாளரிடம் ஆட்சேபனை மனு கொடுங்கள். அது மட்டும் பதிவைத் தடுத்துவிடும் என்று நிச்சயம் கிடையாது, ஆனால் வாங்குபவருக்குப் பிரச்சினை தெரியாது என்ற பேச்சு எடுபடாமல் போகும். பதிவுத்துறை இணையதளத்தில் வில்லங்கச் சான்று அவ்வப்போது போட்டுப் பாருங்கள். மீட்பு உத்தரவு கேட்கும்போது இடைக்காலத் தடையும் மீண்டும் நடைமுறைக்கு வர வேண்டும் என்று தனியாகக் கேளுங்கள். தானாக வந்துவிடும் என்று விட வேண்டாம்.

வக்கீல் விஷயம்

கோபம் நியாயமானது. ஆனால் வழக்கறிஞர் சேவை நுகர்வோர் பாதுகாப்புச் சட்டத்தில் வராது என்று உச்ச நீதிமன்றம் 2024 மே மாதம் தீர்ப்பளித்துவிட்டது, அந்தக் கதவு மூடிவிட்டது. தொழில்முறைத் தவறு என்று தமிழ்நாடு மற்றும் புதுச்சேரி பார் கவுன்சிலில், வழக்கறிஞர்கள் சட்டம் 35-ஆம் பிரிவில் புகார் கொடுக்கலாம். அதை அப்புறம் பார்த்துக்கொள்ளலாம். புகார் கொடுத்தால் வழக்கு தானாக மீளாது. இப்போதைக்கு உங்களுக்கு அவரிடமிருந்து வேண்டியவை இரண்டு. வேறு வக்கீல் வக்காலத்துப் போட அவருடைய ஒப்புதல் ஒன்று. கேஸ் கட்டு மற்றொன்று. ஒப்புதல் தர மறுத்தால் நீதிமன்ற அனுமதியுடன் மாற்றலாம். ஃபீஸ் பாக்கி என்று சொல்லிக் கேஸ் கட்டை நிறுத்திவைக்க வக்கீலுக்கு உரிமை இல்லை என்று 2000-இலேயே உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. முதலில் நல்லபடியாக எழுத்தில் கேளுங்கள். குமாஸ்தாவே தவறான தகவல் சொல்லி, அவருக்குத் தெரியாமலே போயிருந்தால், அதை ஒப்புக்கொண்டு அவர் ஒரு பிரமாணப் பத்திரம் தரக்கூடும். அது பத்து மருத்துவச் சான்றுக்குச் சமம்.

பணம் இல்லை என்று தயங்க வேண்டாம். சட்டப் பணிகள் ஆணையங்கள் சட்டம் 1987-இன்படி பெண்களுக்கு வருமான வரம்பே இல்லாமல் இலவச சட்ட உதவி உண்டு. நீதிமன்ற வளாகத்திலேயே வட்ட சட்டப் பணிகள் குழு அலுவலகம் இருக்கும். 15100 என்ற எண்ணிலும் கேட்கலாம்.

வேறு வழக்கு வைத்திருப்பவர்களுக்கு

இதே கவலையில் இதைப் படிக்கும் மற்றவர்களுக்காக ஒரு வார்த்தை. எல்லா வழக்குக்கும் விதி ஒன்றில்லை. தீர்ப்பை நிறைவேற்றக் கோரும் மனு தள்ளுபடியானால், தீர்ப்புத் தேதியிலிருந்து 12 ஆண்டுக்குள் பொதுவாகப் புதிய மனு போடலாம். செக் மோசடி வழக்கில் புகார்தாரர் வராமல் போனால் குற்றம் சாட்டப்பட்டவர் விடுதலையாகிவிடலாம். அந்த உத்தரவை அதே நடுவர் திரும்பப் பெற முடியாது, மேல்முறையீடுதான். குற்றவியல் மேல்முறையீட்டை மட்டும், வக்கீல் வரவில்லை என்ற ஒரே காரணத்துக்காகத் தகுதியைப் பார்க்காமல் தள்ளுபடி செய்யக் கூடாது.

சகோதரி, இன்னும் ஒன்று. நீதிமன்றம் பெரும்பாலும் "இத்தனை ரூபாய் செலவுத்தொகையை இன்ன தேதிக்குள் எதிர்த்தரப்புக்குக் கட்டினால் மனு அனுமதிக்கப்படும்" என்றுதான் உத்தரவிடும். அந்தத் தேதி ஒரு நாள் தவறினாலும் மனு தானாகத் தள்ளுபடியாகிவிடும். நான் சொன்ன 883 நாள் வழக்கிலும், ஒருதலைப்பட்சத் தீர்ப்பை ரத்து செய்யப் போட்ட மனுதான் யாரும் கவனிக்காமல் தள்ளுபடி ஆனது. புது மனுவுக்கு எண் கிடைத்ததும் வழக்கின் 16 இலக்க சிஎன்ஆர் எண்ணை (ஒவ்வொரு வழக்குக்கும் உள்ள தனி அடையாள எண்) கேட்டு வாங்கி, இ-கோர்ட்ஸ் செயலியில் மகளைப் பதியச் சொல்லுங்கள். அடுத்த வாய்தா எப்போது, அன்று என்ன நடந்தது என்று குமாஸ்தாவிடம் கேட்காமலே தெரிந்துகொள்ளலாம். வரும் திங்கட்கிழமை நகல் மனு, அதே வாரத்தில் சட்டப் பணிகள் குழு அலுவலகம். தள்ளுபடி உத்தரவின் நகல் கையில் கிடைத்ததும் எனக்கும் ஒரு பிரதி அனுப்புங்கள், எந்த விதியில் வருகிறது என்று பார்த்துச் சொல்கிறேன்.